பால் வெட்டும் கத்தி, மரம் செதுக்கும் கத்தி

ஜெர்மன் ஓவியர் கேத்தே கோல்விட்ஸின் ‘நெசவாளர் கிளர்ச்சி’ வரிசையில் முதல் தாள் ஒரு சாணுக்கும் குறைவான சதுரம். பக்கத்துக்கு 15 சென்டிமீட்டர், அவ்வளவுதான். அந்தச் சிறிய இடத்துக்குள் தாழ்ந்த கூரையுள்ள ஓர் அறை. பின்பாதியைத் தறி அடைத்துக்கொண்டு நிற்கிறது. முன்னால் படுக்கையில் வற்றிப்போன குழந்தை. அதன்மேல் குனிந்து, இரண்டு கைகளாலும் தலையைப் பிடித்தபடி தாய். சன்னலோரத்தில் இன்னொருவர், அணைப்பில் இன்னொரு பிள்ளை. சன்னல் வழியாக வருகிற கொஞ்ச வெளிச்சம் குழந்தையின் தலையணையில் விழுந்து அங்கேயே தீர்ந்துவிடுகிறது. தாயின் முகத்துக்கு எதுவும் மிஞ்சுவதில்லை.

இந்தப் படத்தைப் புத்தகத்தில் பார்த்தவரை அசலைப் பார்க்காதவர் என்று சொல்ல எனக்கு மனம் வருவதில்லை. கல்லில் வரைந்து தாளில் அழுத்தி எடுத்த படம் இது. பல கைகளுக்குப் போக வேண்டும் என்றே செய்யப்பட்டது. ஒரு புத்தகப் பக்கம் இதை அசல் அளவிலேயே தாங்கும். எண்ணெய் வண்ணத்தில் தீட்டிய ஆளுயரத் திரைச்சீலை புத்தகத்துக்குள் வரும்போது இழப்பது ஏராளம். கோல்விட்ஸின் தாள் இழப்பது மிகக் குறைவு. கேகாலையிலும் இரத்தினபுரியிலும் இறப்பர் மலைக்கும் தேயிலை மலைக்கும் நடுவே வளர்ந்த ஒருவர் வெளிப்பாட்டுவாத (எக்ஸ்பிரஷனிஸ) ஓவியர்களைச் சந்திக்கப் புத்தகத்தைத் தவிர வேறு வழி கிடையாது. எட்டியாந்தோட்டையிலோ இறக்குவானையிலோ ஓவியக்கூடம் ஒன்றும் இல்லை. கொழும்புக்குப் போனால் மருதானைப் பழைய புத்தகக் கடைகளில் முதுகு கிழிந்த ஒரு தொகுதி கிடைக்கலாம். அப்படிக் கிடைத்த புத்தகம் வறியவனுக்குப் போட்ட பிச்சை அல்ல. இந்தக் கலையின் சொந்த வீடே புத்தகம்தான் என்று நான் நம்புகிறேன்.

அந்த ஓவியர்களும் புத்தகத்தின் வழியேதான் பலவற்றைக் கற்றார்கள். 1905 ஜூனில் ஜெர்மனியின் டிரெஸ்டன் நகரில் கட்டடக்கலை மாணவர்கள் நால்வர் சேர்ந்து ‘பாலம்’ என்ற குழுவைத் தொடங்கினார்கள். அவர்களில் ஒருவர் எர்ன்ஸ்ட் லுட்விக் கிர்ஷ்னர். 1910ஐ ஒட்டிய காலத்தில் அந்நகரத்து நூலகத்தில் அவருக்கு ஒரு புத்தகம் அகப்பட்டது: அஜந்தா குகை ஓவியங்களைப் பற்றி ஜான் கிரிஃபித்ஸ் 1896-97இல் வெளியிட்ட இரண்டு பெருந்தொகுதிகள். கிர்ஷ்னர் அதிலிருந்த பெண்ணுருவங்களைத் திரும்பத் திரும்ப வரைந்து பழகினார். அவருடைய குளிக்கும் பெண்களின் தோள்களிலும் இடைகளிலும் அந்தத் திரட்சி இறங்கியிருக்கிறது. அஜந்தாவில் அவர் கால் வைத்ததே இல்லை. அவர் பார்த்தது, பம்பாய்க் கலைப் பள்ளி மாணவர்கள் குகைக்குள் அமர்ந்து எடுத்த நகல்களின் அச்சு. அந்த நகல்களிலும் பல 1885இல் லண்டனில் நேர்ந்த தீ விபத்தில் எரிந்துபோயிருந்தன. சுவரிலிருந்து துணிக்கு, துணியிலிருந்து தாளுக்கு, தாளிலிருந்து ஒரு ஜெர்மன் இளைஞனின் கைக்கு என்று வந்த பிறகும் அஜந்தாவிடம் கொடுக்க ஏதோ மிச்சமிருந்தது. 1922 டிசம்பரில் காண்டின்ஸ்கி, பால் கிளே முதலான ஐரோப்பிய ஓவியர்களின் படங்கள் கல்கத்தாவில் காட்சிக்கு வந்தன. அது எதிர்த்திசைப் பயணம். ஆனால் அது கல்கத்தாவோடு நின்றது. புத்தகம் போன தூரம் அந்தப் படங்கள் போகவில்லை.

புத்தகத்தின் இந்தப் பலத்தை நன்றாக உணர்ந்தவர் ஓர் ஓவியர் அல்லர், எழுத்தாளர். சீனத்து லூ சுன். 1931 ஆகஸ்டில் ஷாங்காயில் இளைஞர்களைக் கூட்டி, மரப்பலகையில் செதுக்கி அச்சிடும் மரவெட்டுப் பயிற்சி ஒன்று நடத்தினார். சொல்லிக்கொடுக்க ஒரு ஜப்பானியர் வந்தார், மொழிபெயர்த்தவர் லூ சுன். அதே ஆண்டு தன் இளம் நண்பர்கள் சுட்டுக் கொல்லப்பட்ட துயரத்தில், ஒரு சஞ்சிகையில் கோல்விட்ஸின் ‘பலி’ என்ற மரவெட்டுப் படத்தை அச்சிடக் கொடுத்தார். தாய் ஒருத்தி கண்ணை மூடிக்கொண்டு தன் சிசுவை இரு கைகளாலும் முன்னே நீட்டுகிற படம் அது. அஞ்சலிக் கட்டுரை எழுத முடியாத காலத்தில் அந்தப் படமே அஞ்சலி ஆயிற்று. பிறகு, தான் இறந்த ஆண்டான 1936இல், கோல்விட்ஸின் படங்களைத் தேர்ந்தெடுத்துத் தன் செலவிலேயே ஒரு தொகுப்பாக வெளியிட்டார். அச்சிட்டது 103 பிரதிகள். யாராவது அதை மறுபடி அச்சிட்டால் நல்லது என்றுதான் அவர் நினைத்தார். உரிமை பேசவில்லை. அந்தப் பயிற்சியிலிருந்து கிளம்பிய சீனத்தின் மரவெட்டு இயக்கத்துக்கு அந்த நூற்றுச் சொச்சம் பிரதிகளும் ஊட்டம் தந்தன. வெளிப்பாட்டுவாத ஓவியம் பற்றி உலகில் வந்த புத்தகங்களில் எதை முதலில் வைப்பாய் என்று என்னைக் கேட்டால், 1914இல் பால் ஃபெக்டர் எழுதிய முதல் நூலையோ, காண்டின்ஸ்கியும் பிரான்ஸ் மார்க்கும் 1912இல் மியூனிக்கில் கொண்டுவந்த ‘நீலக் குதிரைவீரன்’ மலரையோ சொல்லமாட்டேன். அந்த 103 பிரதிகளைச் சொல்வேன்.

கோல்விட்ஸை வெளிப்பாட்டுவாதிகளோடு சேர்க்கலாமா என்ற வாதம் உண்டு. ‘பாலம்’ குழுவிலும் ‘நீலக் குதிரைவீரன்’ வட்டத்திலும் அவர் இல்லை. வண்ணத்தின் ஆரவாரம் அவரிடம் கிடையாது. ஆனால் 1920இல் எர்ன்ஸ்ட் பார்லாக்கின் மரவெட்டுகளைப் பெர்லின் காட்சியொன்றில் கண்டு அதிர்ந்து, அதற்குப் பிறகு தானும் மரத்தைச் செதுக்கத் தொடங்கினார். அப்போது அவருக்கு ஐம்பது கடந்துவிட்டது. 1914 அக்டோபரில் பெல்ஜியத்துப் போர்முனையில் செத்துப்போன மகன் பேட்டருக்காக அவர் தேடிக்கொண்டிருந்த வடிவம் கல்லிலும் கிடைக்கவில்லை, செப்புத்தகட்டிலும் கிடைக்கவில்லை; கருப்பு மரத்தில் கிடைத்தது. ஏழு தாள்களில் ‘போர்’ என்ற வரிசை முடிந்தது. அதைப் பார்த்த பின் வகைபிரிக்கும் வேலையில் எனக்கு ஆர்வமில்லை.

எங்கள் மலைகளின் படம் உலகத்துக்கு எப்படிப் போயிற்று என்பதையும் இங்கே பார்க்க வேண்டும். 1875இல் இலங்கைக்கு வந்து 1879இல் இங்கேயே இறந்த ஜூலியா மார்கரெட் கேமரன், தோட்டங்களில் வேலை செய்த தமிழர்களைப் புகைப்படம் எடுத்தார். நன்றாக எடுத்தார், ஆனால் அவர்களை அசையாமல் நிற்கவைத்து எடுத்தார். 1932இல் தொடங்கிய தேயிலைப் பிரச்சாரச் சபையின் காலத்திலிருந்து சுவரொட்டிகளில் கொழுந்துக் கூடையோடு சிரிக்கிற பெண் வந்தாள். இன்றைக்கும் தேயிலைப் பெட்டியில் அவளே. அவளுடைய விரலில் கறை இல்லை, இடுப்பில் படங்கு இல்லை, காலில் அட்டை கடித்த தழும்பு இல்லை. மேலும் அவள் எப்போதும் நுவரெலியாவின் பனிக்குள்தான் நிற்பாள். கேகாலையும் இரத்தினபுரியும் சேர்ந்த சப்ரகமுவவின் புழுக்கமும் இறப்பர் நிழலும் அவளுக்குத் தெரியாது. மலையகம் என்று எழுதுகிறவர்கள்கூடப் பலர் ஹட்டனோடு நின்றுவிடுகிறார்கள். தெஹியோவிட்ட, புலத்கோஹுபிட்டிய, நிவித்திகல, கஹவத்தை என்று சிங்களக் கிராமங்களுக்கு நடுவே தீவு தீவாகச் சிதறிக் கிடக்கிற, தோட்டத் தொழிலாளரின் வரிசை வீடுகளான லயங்களுக்கு எழுத்திலும் இடம் குறைவு, படத்தில் அதைவிடக் குறைவு.

இத்தனைக்கும் இலங்கையின் பெரிய வெளிப்பாட்டுவாத ஓவியர் என்று சொல்லத்தக்கவர் எங்கள் அயல்தான். ஜஸ்டின் தெரணியகல, 1903இல் பிறந்து 1967இல் இறந்தவர். கேகாலை மாவட்டத்துத் தெரணியகல ஊரின் பெயரையே தன் பெயரில் தாங்கியவர். கேம்பிரிட்ஜில் சட்டம் படித்து, லண்டன் ஸ்லேட் ஓவியப் பள்ளியிலும் பாரிஸிலும் ஓவியம் பயின்று திரும்பி, கண்டி வீதியில் பஸ்யாலையில், கேகாலை மாவட்ட எல்லைக்குச் சற்று மேற்கே, குடும்பத் தோட்டத்தில் ஒதுங்கி வாழ்ந்தபடி வரைந்தார். 1943 ஆகஸ்டில் லயனல் வென்ட், ஜோர்ஜ் கீற், ஹரி பீரிஸ், ஐவன் பீரிஸ் முதலியோர் கூடித் தொடங்கிய ‘43 குழு’வில் அவரும் ஒருவர். கீற்றின் கோடு தெளிந்த ஆறு போல ஓடும். தெரணியகலவின் தூரிகை வண்ணத்தைக் குழைத்து, அடித்து, சுரண்டி, முகத்தின் அடியில் இருக்கிற வேறொரு முகத்தை வெளியே இழுக்கும். 1956இல் வெனிஸ் பியனாலேயில் அவருக்கு யுனெஸ்கோ பரிசு கிடைத்தது. அவருடைய சகோதரர் பி.இ.பி. தெரணியகல இரத்தினபுரியின் மாணிக்கக் குழிகளில் கிடைத்த எலும்புகளை ஆராய்ந்து, இந்தத் தீவில் ஒருகாலத்தில் நீர்யானையும் காண்டாமிருகமும் சிங்கமும் திரிந்தன என்று நிறுவியவர். ஒருவர் மண்ணுக்கடியில் தோண்டினார், மற்றவர் முகத்துக்கடியில்.

‘43 குழு’வைப் பற்றி நெவில் வீரரத்ன 1993இல் ஆங்கிலத்தில் எழுதிய நூல் நல்ல நூல். அந்தக் குழுவை அறிய விரும்புகிறவர் அங்கிருந்தே தொடங்கலாம். கொழும்பு பார்ன்ஸ் பிளேஸில் ஹரி பீரிஸின் வீடாயிருந்த சபுமல் நிலையத்தில் தெரணியகலவின் அசல் படங்களையும் பார்க்கலாம். அவருடைய தாய்களும் குழந்தைகளும் மீன்களும் எனக்குப் பிடிக்கும். ஆனால் நான் பார்த்த அவர் படங்களில் லயத்து ஆள் இல்லை. இதை அவர்மேல் குற்றமாகச் சொல்லவில்லை. ஓவியர் தன்னை உலுக்குவதைத்தான் வரைவார். எங்களை உலுக்குவதை வரைய எங்களிலிருந்து ஒருவர் வர வேண்டியிருந்தது.

இறப்பர்ப் பால் வெட்டும் வேலையிலிருந்து ஓய்வு பெற்ற ஓர் அக்காவிடம் ஒருமுறை கோல்விட்ஸின் ‘அரிவாள் தீட்டுதல்’ தாளைக் காட்டினேன். ‘விவசாயிகள் போர்’ வரிசையில் மூன்றாவது படம். கிழவி ஒருத்தி பெரிய அரிவாளின் அலகைத் தோளோடு தழுவிப் பிடித்து, தீட்டுக்கல்லை விளிம்பில் ஓட்டுகிறாள். முகம் அலகோடு ஒட்டியிருக்கிறது. கண் ஒரு கீற்று அளவுக்குத்தான் திறந்திருக்கிறது. கலை வரலாற்று நூல்கள் அந்தக் கண்ணில் பழிவாங்கும் நினைப்பைப் படிக்கின்றன. அக்கா வெகுநேரம் பார்த்தார். பிறகு சொன்னார்: “இந்தக் கெழவி கண்ணால பாத்துத் தீட்டல சேர். காதால கேட்டுத் தீட்டுது. அலகுல எங்கயாச்சும் பல்லு விழுந்திருந்தா கல்லுச் சத்தம் மாறும். அதுக்குத்தான் மூஞ்சிய ஒட்டி வச்சிருக்கு.” கொஞ்சம் பொறுத்து, “எத்தன வருசம் தீட்டுன கையோ” என்றார்.

எந்தப் புத்தகத்திலும் நான் படிக்காத விளக்கம் அது. பழிவாங்கும் நினைப்பை அது மறுக்கவில்லை. அதற்குக் கீழே இன்னொரு தளத்தைத் திறந்தது: கோபத்துக்கு முன்னால் தொழில் இருக்கிறது. கருவியோடு வாழ்ந்த உடம்புதான் ஒருநாள் அந்தக் கருவியை வேறு விதமாகப் பிடிக்கிறது. கோல்விட்ஸ் பெர்லினின் தொழிலாளர் பகுதியில், டாக்டரான கணவர் கார்லின் நோயாளிகளாக வந்த பெண்களைத் தன் வீட்டு வாசலிலேயே வருடக்கணக்காகப் பார்த்தவர். அந்தப் பார்வைதான் கையின் எலும்பு வரைக்கும் போகிறது. 1898இல் ‘நெசவாளர் கிளர்ச்சி’க்குத் தங்கப் பதக்கம் கொடுக்க நடுவர்கள் பரிந்துரைத்தபோது கெய்சர் மறுத்தார். அவர் அந்தத் தாள்களைச் சரியாகவே படித்திருக்கிறார் என்று தோன்றுகிறது.

தமிழில் இந்த ஓவியர்களைப் பற்றி எழுதப்பட்டவற்றின்மேல் எனக்கு ஒரு மனக்குறை உண்டு. சிறுபத்திரிகைகள்தான் அவர்களை நமக்கு அறிமுகப்படுத்தின. அந்த நன்றி என்றைக்கும் இருக்கும். மங்கலான அச்சில், தபால்தலை அளவில் வந்த மூங்க்கின் ‘அலறல்’ படத்தை வெட்டி நோட்டில் ஒட்டிவைத்த தலைமுறை ஒன்று உண்டு. ஆனால் நாம் எழுதியவற்றில் பெரும்பகுதி வாழ்க்கைக் கதை. வான்கோவின் காது, மூங்க்கின் நோயும் சாவும் நிறைந்த பிள்ளைப்பருவம், 1938 ஜூனில் டாவோஸ் அருகே தன்னைச் சுட்டுக்கொண்ட கிர்ஷ்னர். துயரத்தின் நாயகனாக ஓவியரை நிறுத்துகிறோம். படத்தின் முன்னால் நின்று, இந்தக் கோடு ஏன் இங்கே தடித்தது, இந்தக் கருப்பு ஏன் இத்தனை இடத்தைப் பிடித்தது என்று கேட்கும் பக்கங்கள் மிகக் குறைவு.

நாயகக் கதை எவ்வளவு ஆபத்தானது என்பதற்கு ஜெர்மன் ஓவியர் எமில் நோல்டே சாட்சி. 1937 ஜூலையில் மியூனிக்கில் நாஜிகள் ‘சீரழிந்த கலை’ என்று பெயரிட்டு, அருங்காட்சியகங்களிலிருந்து பறித்த 600க்கும் மேற்பட்ட படைப்புகளைக் கேலிக்காகக் காட்சிக்கு வைத்தார்கள். மற்ற எவரையும்விட நோல்டேயின் படங்களே அதிகம் பறிக்கப்பட்டன, ஆயிரத்துக்கும் மேல். 1941இல் அவர் தொழில்ரீதியாக இயங்கவும் தடை வந்தது. போருக்குப் பிறகு, தடைக்குள் ஒளிந்து சிறு நீர்வண்ணங்களைத் தீட்டிய தியாகி என்ற உருவம் அவருக்குக் கட்டப்பட்டது. 1968இல் சீக்பிரீட் லென்ஸ் எழுதிய நாவல் அந்த உருவத்தை வீடுதோறும் கொண்டுபோயிற்று. ஆனால் நோல்டே நாஜிக் கட்சியின் உறுப்பினர். யூத வெறுப்பை எழுத்திலேயே வைத்தவர். 2019இல் பெர்லினில் நடந்த காட்சி அவருடைய கடிதங்களையும் ஆவணங்களையும் படங்களுக்குப் பக்கத்திலேயே வைத்து அதைக் காட்டியது. அவருடைய கடல்களின் நிறம் இன்றும் என்னைப் பிடித்து நிறுத்துகிறது. நாயகன் கதையை நம்பி அந்தக் கடலுக்குள் போனவனுக்கு உண்மை தெரிய வரும்போது படமும் சேர்ந்து விழுந்துவிடும். கோட்டையும் நிறத்தையும் தன் கண்ணால் படித்தவனுக்கு மனிதனைத் தனியாகவும் படத்தைத் தனியாகவும் எடைபோடும் திடம் இருக்கும்.

இனி, தோட்டத்து ஆட்களைப் பக்கத்திலிருந்து வரைந்த வங்க ஓவியர் சோம்நாத் ஹோர். சிட்டகாங்கில் 1921இல் பிறந்தவர். 1943 வங்கப் பஞ்சத்தில் சாகிறவர்களை வரையத் தொடங்கிய கை அவருடையது. சித்தப்பிரசாத் அவருக்கு வழிகாட்டி; ஜைனுல் ஆபேதீன் கல்கத்தாக் கலைக் கல்லூரியில் ஆசிரியர். கோல்விட்ஸின் படங்கள் அந்த வட்டத்தில் வேதம் போலப் படிக்கப்பட்டன. 1946 டிசம்பரில் கம்யூனிஸ்ட் கட்சி அவரை ரங்பூருக்கு அனுப்பியது. விளைச்சலில் மூன்றில் இரண்டு பங்கு தங்களுக்கு வேண்டும் என்று குத்தகை விவசாயிகள் நடத்திய தேபாகா போராட்டத்தை, வயலிலேயே இருந்து எழுதியும் வரைந்தும் நாட்குறிப்பாக்கினார். அடுத்த ஆண்டு வட வங்காளத்துத் தேயிலைத் தோட்டங்களுக்குப் போனார். அங்கேயும் ஒரு நாட்குறிப்பு. இரண்டையும் பின்னாளில் கல்கத்தாவின் சீகல் பதிப்பகம் ஆங்கிலத்தில் நூலாக்கியது.

தேயிலைத் தோட்டத்தைப் பற்றி எங்கள் பகுதியில் படிக்க வேண்டிய கலைப் புத்தகம் ஒன்றே ஒன்று என்றால், அந்த இரண்டாவது நாட்குறிப்பைத்தான் சொல்வேன். அதில் வருகிறவர்கள் சோட்டா நாக்பூரிலிருந்து கூட்டிவரப்பட்ட ஒராவோன், முண்டா மக்களின் வழிவந்தவர்கள். எங்களைக் கூட்டிவந்தது கங்காணி, அவர்களைக் கூட்டிவந்தது சர்தார். எங்களுக்கு லயம், அவர்களுக்கும் வரிசைக் குடியிருப்பு. சோம்நாத் அவர்களைத் தூரத்திலிருந்து பச்சை மலையோடு சேர்த்து வரையவில்லை. பக்கத்தில் உட்கார்ந்து வரைந்தார். குந்தியிருக்கிற உடம்பு, பேச்சுக்கு நடுவே நின்ற கை, கூட்டத்தில் காது கொடுத்துக் கேட்கிற முகம். பக்கத்திலேயே கூலி, அரிசி, சங்கம், துரை என்று எழுத்து. எழுத்து தகவலைச் சுமக்கிறது, அதனால் படம் முகத்தை மட்டும் சுமந்தால் போதுமாகிறது. அந்தப் பங்கீடு மிக நேர்த்தியானது.

பிறகு 1970களில் அவர் ‘காயங்கள்’ என்ற வரிசையைச் செய்தார். மையே கிடையாது. களிமண்ணிலோ மெழுகிலோ கத்தியாலும் சுட்ட கம்பியாலும் கீறி, அதிலிருந்து சீமெந்து அச்செடுத்து, அதன்மேல் காகிதக் கூழை அழுத்தி உலர்த்தினார். வெள்ளைத் தாளில் வெள்ளைக் காயம். ஒரு பிளவு, ஒரு கிழிசல், உதடு பிரிந்த ஒரு வெட்டு. மனித உருவம் எங்கும் இல்லை, வலி மட்டும் தங்கியிருக்கிறது.

இறப்பர் மலையில் வளர்ந்தவர்களுக்கு இந்தத் தாள்களைப் பார்த்தவுடன் மரத்தின் பட்டைதான் நினைவுக்கு வரும். விடியுமுன் எழுந்து, பெரட்டில் ஆள் கணக்கெடுப்புக்குப் பேர் கொடுத்து, வெயில் ஏறுவதற்குள் வெட்டை முடிக்க வேண்டும். சூடு ஏறினால் பால் சீக்கிரம் நின்றுவிடும். வளைந்த நுனியுள்ள கத்தியால், இடப்பக்கம் மேலேயும் வலப்பக்கம் கீழேயுமாகச் சரிந்து, மரத்தை அரைச்சுற்றுச் சுற்றும் கோடு. முந்தின வெட்டின்மேல் காய்ந்திருக்கும் ஒட்டுப்பாலை உரித்துப் பைக்குள் போட்டுவிட்டு, மெல்லிய ஒரு சீவல் மட்டும் எடுக்க வேண்டும். பால் இருப்பது பட்டையின் உள்பாகத்தில்; அதற்கும் உள்ளே மரம் வளர்கிற மெல்லிய படலம். கத்தி அந்தப் படலத்தைத் தொடாமல், அதற்கு ஒரு மயிரிழை முன்னால் நிற்க வேண்டும். தொட்டால் மரம் காயப்படும். புதுப்பட்டை முண்டும் முடிச்சுமாக வளர்ந்து, பிறகு அந்த இடத்தில் ஒழுங்காக வெட்ட முடியாது. சரியாக வெட்டினால் வெள்ளைக் கோடு ஊறி, சரிவில் ஓடி, தகட்டுத் துடுப்பில் இறங்கிச் சிரட்டையில் சொட்டும். மழை பெய்தால் பெரும்பாலும் வெட்டு இல்லை. சப்ரகமுவவோ இலங்கையிலேயே மிக அதிகம் மழை பெய்யும் பிரதேசங்களில் ஒன்று.

மரவெட்டு ஓவியரின் கத்தியும் இப்படித்தான் மேற்பரப்பில் வேலை செய்கிறது. பலகையில் கத்தி எடுத்த இடம் தாளில் வெள்ளையாகும், விட்ட இடம் மையை வாங்கிக் கருப்பாகும். அதாவது ஓவியர் கருப்பிலிருந்து வெளிச்சத்தை வெட்டி எடுக்கிறார். வெட்டிய கோட்டைத் திருத்த முடியாது. கையின் தயக்கம், அழுத்தம், மரத்தின் ரேகை எல்லாம் தாளில் தெரியும். வெளிப்பாட்டுவாதிகள் அதை மறைக்கவில்லை. மரத்தின் ரேகையையே வானமாகவும் கன்னமாகவும் பயன்படுத்தினார்கள். அழுத்தத்தையும் ஆழத்தையும் விரலால் அறிந்த ஒரு சமூகம் இங்கே தலைமுறை தலைமுறையாக இருக்கிறது. அந்த அறிவு முழுவதும் சிரட்டைக்குள் சொட்டிப் போய்க்கொண்டிருக்கிறது என்பதுதான் என் ஆதங்கம்.

வரையப்படாமல் போனவை எத்தனை. 1948இல் எங்கள் மக்களின் குடியுரிமை பறிபோனது. 1977இலும் 1981 ஆகஸ்டிலும் இரத்தினபுரி மாவட்டத்துத் தோட்டங்களில் லயங்கள் தாக்கப்பட்டன. இறக்குவானை, கஹவத்தைப் பக்கங்களிலிருந்து குடும்பம் குடும்பமாக மூட்டையைக் கட்டிக்கொண்டு வன்னிக்குப் போனவர்கள் உண்டு. 2016 மே மாதத்தில் கேகாலை மாவட்டத்தில் அரநாயக்கவிலும் புலத்கோஹுபிட்டியவிலும் மலை சரிந்தது. புலத்கோஹுபிட்டியவில் தோட்டத்து லயம் மண்ணுக்குள் போயிற்று. இவற்றுக்குப் பத்திரிகைப் புகைப்படங்கள் இருக்கின்றன. சம்பவம் நடந்த அன்று எடுத்தவை. ஆனால் ஒருவர் வருடக்கணக்காக மனதில் வைத்துப் பிசைந்து, கோடாக்கிக் கொடுத்த தாள் எதையும் நான் கண்டதில்லை. மகன் இறந்ததிலிருந்து அவனுடைய நினைவுச் சின்னம் முடிந்த 1932 வரைக்கும், ஏறத்தாழ பதினெட்டு ஆண்டுகள், கோல்விட்ஸ் அந்தத் துக்கத்தோடு வேலை செய்தார். பெற்றோர் இருவர் மண்டியிட்ட உருவங்களாக அது பெல்ஜியத்து மயானத்தில் இன்றும் நிற்கிறது. கலைக்கு அந்த நீண்ட காலம் வேண்டும். அந்த நேரத்தைத் தர எங்கள் ஆட்களுக்கு யாரும் எப்போதும் இருந்ததில்லை.

யாழ்ப்பாணத்துக்கு ஓவியர் மாற்கு கிடைத்தார். அவர் மாணவர்களைத் திரட்டினார், உருவத்தை உடைத்து வரையக் கற்றுக்கொடுத்தார். அவருக்காக ‘தேடலும் படைப்புலகமும்’ என்ற சிறப்பு மலரும் வந்தது. ஹட்டனிலிருந்து ஹனுஷா சோமசுந்தரம் வந்தார். யாழ்ப்பாணப் பல்கலைக்கழகத்தில் கலை பயின்று, தேயிலைச் சாயத்தையும் தேயிலைப் பைகளையுமே தன் ஊடகமாக்கிக்கொண்டு, தாயும் பாட்டியும் வாழ்ந்த வாழ்க்கையைப் படமாக்குகிறார். இறப்பர் மலையிலிருந்து அப்படி ஒருவர் வருவதற்கான நிலைமைகளை இப்போதே உண்டாக்கலாம். காசு அதிகம் தேவையில்லை.

இருபத்தைந்து முப்பது வருடம் பால் கொடுத்து முடிந்த இறப்பர் மரத்தை வெட்டித் தள்ளுகிறார்கள். அதன் பலகை வெளிறிய நிறம், ரேகை நேர், செதுக்க இலகு. ஈரத்தில் பூஞ்சணம் பிடிக்கும், வண்டு துளைக்கும்; நன்றாக உலர்த்தினால் அச்சுப் பலகைக்குப் போதும். அச்சு இயந்திரமும் வேண்டாம். மை தடவிய பலகைமேல் தாளை விரித்து, கரண்டியின் முதுகால் தேய்த்தாலே படம் ஏறும். எங்கள் தமிழ்ப் பாடசாலைகளில் சித்திரம் ஒரு பாடமாக இருக்கிறது. பிள்ளைகள் பரீட்சைக்காகச் சிகிரியாவையும் கீற்றையும் மனப்பாடம் செய்கிறார்கள். அந்தப் பிள்ளைகளின் மேசையில் கோல்விட்ஸின் ஒரு தொகுதியையும் சோம்நாத்தின் தோட்ட நாட்குறிப்பையும் திறந்துவைக்க வேண்டும். வான்கோவின் காதுக் கதை பிறகு வரட்டும். முதலில் கையைப் பார்க்கச் சொல்ல வேண்டும். பிறகு தங்கள் வீட்டில் தீட்டுக்கல் பிடிக்கிற கையைப் பார்த்து வரச் சொல்ல வேண்டும்.

அதிலிருந்து ஒருநாள் ஒரு புத்தகம் வர வேண்டும் என்று நான் மிகவும் விரும்புகிறேன். லூ சுன் அச்சிட்டதைவிட அதிகப் பிரதிகள் வேண்டியதில்லை. பத்துக்குப் பன்னிரண்டு அடிக் காம்பராவில் அடுப்புக்கும் பாய்க்கும் நடுவே படிக்கிற பிள்ளை ஒரு தாள். பிள்ளைக் காம்பராவில் குழந்தையை விட்டுவிட்டுத் திரும்பிப் பார்க்காமல் நடக்கிற தாய் ஒரு தாள். மழைக்காக வெட்டு நின்றுபோன காலையில் இஸ்தோப்பில் வரிசையாகக் குந்தியிருக்கிற ஆட்கள் ஒரு தாள். 1981க்கு ஒன்று, மண்சரிவுக்கு ஒன்று. படத்துக்குக் கீழே எழுத்து குறைவாக இருக்கட்டும். இருக்கிற எழுத்து தமிழிலும் சிங்களத்திலும் இருக்கட்டும். லயத்துக்குக் கீழே இருக்கிற கிராமத்தில் தன் அரை ஏக்கர் இறப்பரைத் தானே வெட்டிப் பால் எடுக்கிற சிங்கள விவசாயி அந்தப் புத்தகத்தைக் கையில் எடுத்தால், கத்தி பிடித்திருக்கிற விதம் சரியா தவறா என்று பார்த்த மாத்திரத்தில் சொல்லிவிடுவார். அங்கிருந்து அவரோடு பேச்சைத் தொடங்கலாம்.